குற்றமே சாட்டப்படாத மதுவிடுதிக்காரர்

நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜ் பகுதியில், ஷெரிடன் சதுக்கம் முதலாம் எண் கட்டடத்தின் முன்னால் சில ஆண்டுகளுக்கு முன்பு ஒரு மாலை வேளையில் வெகுநேரம் நின்றிருந்தேன். அதன் நிலவறையில் இப்போது சிறிய நாடக அரங்கு ஒன்று இயங்குகிறது. 1938 டிசம்பரின் கடைசி நாட்களில் அந்த நிலவறைக்குள் இறங்கிச் சென்றவர்கள், கறுப்பினத்தவர் பெருமளவில் வாழ்ந்த ஹார்லெம் பகுதிக்கு வெளியே அன்றைய நியூயார்க்கில் காண்பதற்கு அரிதான ஒரு காட்சியைக் கண்டார்கள். மேடையில் கறுப்பின இசைக்கலைஞர்கள் வாசித்துக்கொண்டிருக்க, கீழே மேசைகளில் கறுப்பினத்தவரும் வெள்ளையரும் ஒரே கூடத்தில், தூணுக்குப் பின்னால் ஒதுக்கிவைக்கப்படாமல், பக்கம் பக்கமாக அமர்ந்து மது அருந்தினார்கள். அந்த இடத்தின் பெயர் கஃபே சொசைட்டி. அதை நடத்தியவர் பார்னி ஜோசப்சன். பழைய ஜாஸ் பதிவுகளைக் கேட்கத் தொடங்கிய காலத்திலிருந்தே இந்தப் பெயர் என் காதில் விழுந்துகொண்டிருந்தது. ஆனால் அந்த விடுதி எப்படி மூடப்பட்டது என்பதை அறிந்தபோதுதான், இது பாட்டின் கதை மட்டுமல்ல என்பது எனக்குப் புரிந்தது.

பார்னி 1902இல் நியூ ஜெர்சி மாநிலத்தின் டிரெண்டன் நகரில், லாட்வியாவிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தின் கடைக்குட்டியாகப் பிறந்தவர். தந்தை செருப்புத் தைக்கும் தொழிலாளி. பார்னியும் வளர்ந்து காலணிக் கடைகளிலேயே வேலை பார்த்தார். ஹார்லெமில் புகழ்பெற்றிருந்த காட்டன் கிளப்பில் பாடுபவர்களும் ஆடுபவர்களும் கறுப்பினத்தவராக இருக்க, பணம் கொடுத்து உட்கார வருபவர்கள் வெள்ளையராக மட்டுமே இருக்க வேண்டும் என்றிருந்த ஏற்பாடு அவருக்குக் கொஞ்சமும் பொறுக்கவில்லை. அதற்கு நேர்மாறாக ஒரு விடுதியைத் தொடங்க வேண்டும் என்று அவர் நினைத்தபோது கையில் முதல் இல்லை. வழக்கறிஞராக இருந்த அண்ணன் லியோனின் நண்பர்கள் இருவர் கொடுத்த 6,000 டாலர் கடனில்தான் தொழில் தொடங்கியது. பின்னாளில் எந்த அண்ணனின் பெயரால் எல்லாம் இழந்தாரோ, அந்த அண்ணனின் வழியாகத்தான் முதல் பணமும் வந்தது.

'சரியான மனிதர்களுக்கான தவறான இடம்' என்பது விடுதியின் விளம்பர வாசகம். பணக்கார விடுதிகளின் வாயிற்காவலர்கள் பொத்தான் மின்னும் சீருடையில் நின்ற அக்காலத்தில், இங்கே கந்தல் உடுத்திய ஒருவர் கதவருகில் நின்றார். சுவர்களில் அப்பகுதி ஓவியர்கள் மேட்டுக்குடியினரைப் பகடி செய்து தீட்டிய ஓவியங்கள் இருந்தன. கலைஞர்களைத் தேடித் தந்தவர் இசைத்தட்டுத் தயாரிப்பாளரான ஜான் ஹாமண்ட். ஆல்பர்ட் அம்மன்ஸ், மீட் லக்ஸ் லூயிஸ், பீட் ஜான்சன் ஆகிய மூன்று பியானோ கலைஞர்களின் பூகி-ஊகி என்ற துள்ளலான பியானோ வாசிப்பைக் கேட்கவே கூட்டம் அலைமோதியது. ஆனால் நான் மறுபடி மறுபடி நினைத்துப் பார்ப்பது பில்லி ஹாலிடேயின் இரவுகளைத்தான்.

அமெரிக்கத் தெற்கில் கறுப்பினத்தவரை மரத்தில் தூக்கிலிட்டுக் கொன்ற கொடுமையைப் பற்றி ஏபெல் மீரோபோல் எழுதிய பாட்டை, 1939இன் தொடக்கத்தில் பில்லி ஹாலிடே இங்கேதான் முதன்முதலாகப் பாடத் தொடங்கினார். அந்தப் பாட்டுக்காகப் பார்னி சில விதிகளை வகுத்தார். பாட்டு தொடங்கும்போது பரிமாறுபவர்கள் அப்படியே நின்றுவிட வேண்டும். ஒரு கோப்பை மதுகூட மேசைக்குப் போகக் கூடாது. கல்லாவில் காசு வாங்கக் கூடாது. அறை முழுவதும் இருண்டு, பாடகியின் முகத்தில் ஒரே ஒரு விளக்கு மட்டும் எரியும். பாட்டு முடிந்ததும் அந்த விளக்கும் அணையும். மீண்டும் ஒளி வரும்போது அவர் மேடையில் இருக்க மாட்டார். எவ்வளவு கைதட்டினாலும் திரும்பி வர மாட்டார். மது விற்றுப் பிழைக்கும் ஒருவர், கூடம் நிரம்பியிருக்கும் நேரத்தில் விற்பனையைத் தாமே நிறுத்தி, வந்தவர்களைக் கேட்க வைத்தார் என்பதை நினைக்கும்போதெல்லாம் அவர்மீது எனக்குத் தனி மதிப்பு உண்டாகிறது.

1940இல் நகரின் வசதியான கிழக்கு 58ஆம் தெருவில் இரண்டாவது கிளை திறக்கப்பட்டது. லீனா ஹார்ன், ஹேசல் ஸ்காட், சாரா வான், மேரி லூ வில்லியம்ஸ், நகைச்சுவை நடிகர் ஜீரோ மாஸ்டல் என்று இந்த இரண்டு மேடைகளிலும் நின்று பெயர் பெற்றவர்களின் வரிசை நீளமானது. போர்க்கால நியூயார்க்கில் இரவுக் கேளிக்கைக்குப் பணம் தாராளமாகப் புழங்கிய ஆண்டுகளில் தொழில் செழித்தது.

இனி லியோனைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் தம் கம்யூனிஸ்ட் சார்பை மறைக்காதவர். 1935இல் கோபன்ஹேகனில் உளவுக் குற்றச்சாட்டில் டென்மார்க் காவல்துறையால் கைதுசெய்யப்பட்டுச் சில மாதங்களில் விடுவிக்கப்பட்டவர். போர் முடிந்து, சோவியத் ஒன்றியம் நட்பு நாடு என்ற நிலையிலிருந்து எதிரி நாடாக மாறிய பிறகு, அமெரிக்க விரோதச் செயல்களை விசாரிப்பதற்கான பிரதிநிதிகள் சபைக் குழு, 1947 மார்ச்சில் அவரை அழைத்தது. கெர்ஹார்ட் ஐஸ்லர் என்ற ஜெர்மானியக் கம்யூனிஸ்டுக்குப் போலிக் கடவுச்சீட்டு கிடைத்த விவகாரத்தில் அவரை விசாரிப்பது குழுவின் நோக்கம். லியோன் சத்தியப் பிரமாணம் எடுக்கவே மறுத்தார். குடிமக்களின் கருத்துகளைத் துருவும் அதிகாரம் இந்தக் குழுவுக்கு அரசியல் சாசனப்படி கிடையாது, எனவே குழுவே சட்டவிரோதமானது என்பது அவருடைய வாதம். நாடாளுமன்ற அவமதிப்புக் குற்றத்துக்காக அவருக்கு ஓராண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீட்டு நீதிமன்றம் 1947 டிசம்பரில் தண்டனையை உறுதி செய்தது. மூன்று நீதிபதிகளில் ஒருவரான சார்லஸ் கிளார்க் மட்டும், குழுவுக்கு வழங்கப்பட்ட அதிகாரம் பேச்சுரிமையோடு முரண்படுகிறது என்று மாறுபட்டுத் தீர்ப்பெழுதினார். அந்த மாறுபட்ட தீர்ப்பே சரியானது என்பது என் உறுதியான எண்ணம். உச்ச நீதிமன்றம் 1948இல் வழக்கை விசாரணைக்கு எடுத்துக்கொள்ள மறுத்துவிட்டது.

இந்த விசாரணையிலும் வழக்கிலும் பார்னியின் பெயர் எங்கும் வரவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அவர்மீது வழக்கு எதுவும் இல்லை. அந்தக் குழுவின் முன் நின்றவரும் அவர் இல்லை. பாதிக்கப்பட்டது அவருடைய தொழில். ஹெர்ஸ்ட் குழுமத்தின் வழியாக நாடெங்கும் பத்திரிகைகளில் பத்தி எழுதிவந்த வெஸ்ட்புரூக் பெக்லர், லியோனைத் தாக்கி எழுதிய கையோடு தம்பியையும் அவருடைய விடுதிகளையும் இழுத்துவிட்டார். மற்றப் பத்தியாளர்களும் அதே வழியில் எழுதத் தொடங்கினார்கள்.

இரவு விடுதித் தொழிலின் உள்நிலை தெரிந்தால்தான் இந்த அடி எத்தகையது என்பது விளங்கும். வீட்டில் குடிப்பதைவிடப் பல மடங்கு விலை கொடுத்து ஒருவர் விடுதிக்கு வருவது, அங்கே இன்னார் வந்தார், இன்னாரோடு அமர்ந்திருந்தார் என்று மறுநாள் பத்திரிகையில் வரும் புகழின் ஒரு துளியாவது தன்மேல் படும் என்பதற்காகவும்தான். அந்தப் பத்திகள்தாம் கூட்டத்தைக் கொண்டுவந்தன. அதே பத்திகள் மாறியபோது, அங்கே காணப்படுவதே ஆபத்தாகிவிட்டது. அரசு வேலையில் இருப்பவரும், வானொலியில் ஒப்பந்தம் வைத்திருப்பவரும், வெறுமனே பாட்டுக் கேட்க வந்தவரும் ஒதுங்கிக்கொண்டார்கள். இப்படி ஒதுங்குவதற்கு யாரும் யாரிடமும் காரணம் சொல்ல வேண்டியதில்லை. வேறொரு விடுதிக்குப் போனால் போதும். கடையில் விற்காத சரக்கை நாளைக்கு விற்கலாம், ஆனால் இன்றிரவு காலியாக இருந்த நாற்காலியை நாளைக்கு விற்க முடியாது. வாடகையும், இசைக்குழுவின் சம்பளமும், சமையலறைச் செலவும் கூட்டம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒரே அளவில் போய்க்கொண்டே இருக்கும். இலாபத்தில் ஓடிய இரு விடுதிகளும் நட்டத்தில் விழுந்தன. 1940களின் இறுதிக்குள் முதலில் 58ஆம் தெரு விடுதியையும், பிறகு ஷெரிடன் சதுக்கத்து நிலவறையையும் அவர் கைமாற்றிவிட்டு வெளியேறினார்.

இதை வாசித்த நாளிலிருந்து என் மனத்தில் ஒரு கேள்வி இருந்துகொண்டே இருக்கிறது. அண்ணன் வேறு, நான் வேறு; அவருடைய அரசியலோடு எனக்குச் சம்பந்தம் இல்லை என்று ஓர் அறிக்கை விட்டிருந்தால் கடை பிழைத்திருக்குமா? அந்த ஆண்டுகளில் பலர் அத்தகைய அறிக்கைகளை விட்டுத் தம் பிழைப்பைக் காத்துக்கொண்டார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் அண்ணனைப் பலிகொடுத்துக் கடையைக் காப்பாற்றியவர்களின் வரிசையில் பார்னி சேரவில்லை. இருந்ததையெல்லாம் இழந்தார்; ஆனாலும் லியோனின் தம்பியாகவே இருந்தார்.

அதே 1947இல் பில்லி ஹாலிடேவும் சட்டத்தின் பிடியில் சிக்கினார். போதைப்பொருள் வைத்திருந்ததாக மே மாதம் கைதாகி, ஓராண்டும் ஒரு நாளும் சிறைத்தண்டனை பெற்றார். மது விற்கும் இடங்களில் பாடுபவர்களும் பணியாளர்களும் காவல்துறையிடம் அடையாள அட்டை பெற்றிருக்க வேண்டும் என்று நியூயார்க்கில் 1940 முதல் விதி இருந்தது. தண்டனை பெற்ற பிறகு அவருக்கு அந்த அட்டை மறுக்கப்பட்டது. கார்னெகி ஹால் போன்ற பெரிய இசையரங்கில் அவர் பாடலாம். தாம் புகழ்பெற்ற அந்தச் சிறிய விடுதிகளில் பாட முடியாது. மற்றவர்களையும் அக்காலம் விட்டுவைக்கவில்லை. 1950 செப்டம்பரில் ஹேசல் ஸ்காட் தாமே முன்வந்து அதே நாடாளுமன்றக் குழுவின் முன் தம் பெயரைக் காக்கப் பேசினார். அடுத்த சில நாட்களிலேயே அவருடைய தொலைக்காட்சி நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. ஜீரோ மாஸ்டலும், தொடக்க நாட்களில் மேடையை நடத்திய ஜாக் கில்ஃபோர்டும் கறுப்புப் பட்டியலில் சேர்க்கப்பட்டுப் பல ஆண்டுகள் வாய்ப்பிழந்தார்கள். கஃபே சொசைட்டியில் ஒரே மேடையில் நின்றவர்கள் ஒவ்வொருவராக இப்படித் தனித்தனியே பிடிக்கப்பட்டதைப் படிக்கும்போது எனக்கு ஆற்றாமைதான் மிஞ்சுகிறது.

பார்னி பிறகு உணவகத் தொழிலுக்குப் போனார். 1955இல் கிரீனிச் வில்லேஜிலேயே, எட்டாம் தெருவும் யுனிவர்சிட்டி பிளேஸும் சந்திக்கும் இடத்தில் 'தி குக்கரி' என்ற எளிய உணவகத்தைத் தொடங்கி, ஏறத்தாழ 15 ஆண்டுகள் ஹாம்பர்கரும் ஆம்லெட்டும் விற்றுக்கொண்டிருந்தார். 1970இல் மேரி லூ வில்லியம்ஸ் அங்கே பியானோ வாசிக்க வந்த பிறகுதான் பழைய பார்னியை நகரம் மீண்டும் கண்டது.

1977இல் ஆல்பர்ட்டா ஹண்டர் வந்தார். மெம்ஃபிஸில் 1895இல் பிறந்து, 1920களில் புகழின் உச்சியில் இருந்த ப்ளூஸ் பாடகி. 1950களில் பாடுவதை விட்டுவிட்டு 20 ஆண்டுகள் மருத்துவமனையில் செவிலியராக வேலை பார்த்தவர். வயதைக் குறைத்துச் சொல்லி வேலையில் சேர்ந்திருந்த அவரை, 70 வயது என்று கணக்கிட்டு ஓய்வில் அனுப்பியபோது அவருக்கு உண்மையில் 82 வயது. அந்த வயதில் அவரைக் குக்கரியின் மேடையில் நிறுத்திய பார்னிக்கு அப்போது 75. அங்கே அவருக்குத் துணையாகப் பியானோவும் பாஸ் வாத்தியமும் மட்டுமே வாசிக்கப்பட்டன. கேளிக்கை உரிமம் இல்லாத உணவகங்களில் மூன்று பேருக்கு மேல் வாசிக்கக் கூடாது, தாளக் கருவிகளும் ஊதுகருவிகளும் கூடாது என்பது நியூயார்க்கில் அப்போது நடைமுறையில் இருந்த விதி. 1984இல் இறக்கும் ஆண்டு வரை ஆல்பர்ட்டா ஹண்டர் பாடிக்கொண்டிருந்தார். மூன்று பேர் என்ற அந்த வரம்பைப் பேச்சுரிமைக்கு எதிரானது என்று மன்ஹாட்டன் நீதிபதி ஒருவர் 1988இல் தள்ளுபடி செய்தார். அவ்வாண்டு செப்டம்பரில் பார்னி ஜோசப்சன் தம் 86ஆம் வயதில் காலமானார்.