பேயா நடிக்க விசா வாங்கின கதை: நோட்டரி, பார்கோடு, எஃப்என்யு

ஓ-1பி விசா, அதாவது சினிமாக்காரங்க மாதிரி கலைஞர்கள் அமெரிக்காவுல போயி வேல செய்ய வாங்குற விசா, கைக்கு வந்து நாலு நாளாச்சு, ஆத்திரம் இன்னும் அடங்கல, அதான் சூட்டோட எழுதுறேன். ஊரு தக்கலை. தமிழ்லயும் மலையாளத்துலயும் பேயா, பேய் பிடிச்சவளா, பேய்க்க தங்கச்சியா நடிச்சிருக்கேன். அமெரிக்காவுல ஒரு சின்ன ஹாரர் படத்துக்கு மொட்டமாடியில செல்ஃப் டேப் (நம்மளே எடுக்குற ஆடிஷன் வீடியோ) எடுத்து அனுப்பினேன், கெடச்சுது. கஷ்டம்லாம் அதுக்குப் பொறவுதான்.

இந்த விசாவுக்கு நம்மளே அப்ளை பண்ண முடியாது, அங்க உள்ள கம்பெனியோ ஏஜென்ட்டோதான் பெட்டிஷன் போடணும், சினிமான்னா நடிகர் யூனியன்ல ஒண்ணு, தயாரிப்பாளர் தரப்புல ஒண்ணுன்னு ரெண்டு கடிதமும் வேணும். அதெல்லாம் அங்க உள்ள வக்கீலம்மா பாத்துக்கிட்டாவ. நான் பெரிய நடிகைன்னு காட்டுற பேப்பரச் சேக்கிறதுதான் எனக்க சோலி. (சிட்ஜெஸ், ஃபான்டாசியா மாதிரி வெளிநாட்டு ஹாரர் பட விழாவுல ஒங்க படம் செலக்ட் ஆயிருந்தா அந்த லெட்டர பீரோவுல பூட்டி வைங்க, என்கிட்ட இல்ல.) தமிழ் விமர்சனம் எல்லாத்துக்கும் முழு இங்கிலீஷ் மொழிபெயர்ப்பு வேணும்னாவ.

நாகர்கோவில்ல ஒரு டைப்பிங் சென்டர்ல குடுத்தேன். நோட்டரி சீல் இல்லாம அமெரிக்காக்காரன் தொடவே மாட்டான்னு அந்த அண்ணன் அடிச்சுச் சொன்னாரு, நானும் நம்பி கோர்ட்டுப் பக்கம் மூணு நாள் அலைஞ்சேன், மொத நாள் நோட்டரி சாருக்கு கல்யாண வீடு, ரெண்டாம் நாள் ஒரிஜினல் பேப்பர் எங்கன்னாரு, மூணாம் நாள் பக்கம் பக்கமா சீல் குத்தி வாங்கி ஸ்கேன் பண்ணி அனுப்பினா, ராத்திரி ஒரு மணிக்கு வக்கீலம்மா கூப்பிடுதாவ. "நீங்க ஜனங்கள மிரட்டினதா இதுல இருக்கே, போலீஸ் கேஸ் ஏதும் உண்டா?"

எடுத்துப் பாத்தா, "பேயாக வந்து மிரட்டியிருக்கிறார்"ங்கிற வரிய அந்த அண்ணன் "த்ரெட்டன்ட் தி பப்ளிக்"னு தட்டி வச்சிருக்காரு. நம்ம ஊர்ல எந்த விமர்சனத்துலதான் மிரட்டாம இருக்காவ! ஏழு விமர்சனம் குடுத்தேன், ஆறுல மிரட்டியிருக்கேன். இதுல கூத்து என்னன்னா நோட்டரியே தேவையில்லையாம், மொழிபெயர்த்தவரு 'எனக்கு ரெண்டு மொழியும் தெரியும், இது முழுசா சரியா இருக்கு'ன்னு எழுதி கையெழுத்து போட்டா போதும். தெரிஞ்ச இங்கிலீஷ் டீச்சர் ஒருத்தங்க ரெண்டு ராத்திரி ஒக்காந்து புதுசா எழுதிக் குடுத்தாவ.

சீக்கிரம் பாக்கச் சொல்லி பிரீமியம் பைசா கட்டியிருந்ததால 15 வேலை நாளுக்குள்ள பெட்டிஷனுக்கு அப்ரூவல் வந்துட்டு.

அடுத்தது நானே இழுத்து விட்டது. விசாவுக்கு ஆன்லைன்ல போடுற டிஎஸ்-160 ஃபார்ம்ல 'வேற பேரு ஏதாவது உண்டா'ன்னு ஒரு கேள்வி வரும். கல்யாணமே ஆகலையே நமக்கு என்னத்துக்குன்னு 'நோ' போட்டுட்டேன். தொழில் பேரும் அதுல சேர்த்தி! பாஸ்போர்ட்ல ஒரு பேரு, டைட்டில் கார்டுல வேற பேரு, பெட்டிஷன் பூரா டைட்டில் கார்டு பேரு. சென்னை அமெரிக்கத் தூதரகத்துல இன்டர்வியூன்னு கன்னியாகுமரி எக்ஸ்பிரஸ்ல போயி எழும்பூர்ல எறங்கின பொறவுதான் வக்கீலம்மா மெயில பாத்தேன். புது ஃபார்ம் போட்டா பார்கோடு நம்பர் மாறும், அப்பாயின்ட்மென்ட்ல உள்ள நம்பரோட அது ஒத்துப்போகணும், அன்னைக்கு ஒண்ணும் நடக்கல, தேதிய மாத்திட்டு அன்னைக்கு ராத்திரியே ஆர்ஏசி சீட்டுல காலை மடக்கி வச்சு திரும்பி வந்தேன்.

ரெண்டாம் தடவ போனப்பம் இன்டர்வியூ மூணே நிமிஷம். என்ன ரோல்னு கேட்டாரு, பேய்னேன், சிரிச்சிட்டு பாஸ்போர்ட்ட வாங்கி வச்சுக்கிட்டாரு.

இனி முக்கியமானது. நம்ம பக்கம் பாதிப்பேருக்கு பாஸ்போர்ட்ல சர்நேம் கட்டம் காலியாத்தான் கெடக்கும், எனக்கும் அப்படித்தான். அமெரிக்கா விசாவுல அந்த ஒத்தப் பேரு சர்நேமா போயிரும், பேரு வர வேண்டிய எடத்துல எஃப்என்யுன்னு அடிச்சிருவாவ, 'முதல் பேரு தெரியாது'ன்னு அர்த்தம். இத்தன வருஷமா சினிமாவுல பேரெடுக்க அலைஞ்சதுக்கு இதுதான் பேரு. பெட்டிஷன் போடுறதுக்கு முன்னாலயே பாஸ்போர்ட்ல பேர ரெண்டாப் பிரிச்சு வாங்கிருங்க. நான் இப்பம் மாத்தட்டான்னு கேட்டேன், ஷூட் முடிஞ்சு திரும்புற வரைக்கும் அந்தப் பாஸ்போர்ட்ட தொடாதேன்னுட்டாவ வக்கீலம்மா.

அம்மா கண்ணாடியப் போட்டுக்கிட்டு விசாவ எழுத்துக் கூட்டிப் படிச்சாவ. "மக்ளே, இந்த எஃப்என்யு யாரு, அவளும் ஒன்கூட வாராளா?"