எருக்கஞ்செடி வெட்டுக்கிளி வளர்த்த நான்கு மாதங்கள்

செட்டிநாட்டுக் கானாடுகாத்தானில் எங்கள் வீட்டு மூன்றாம் கட்டுக்குப் பின்னால், இடிந்த மதிலை ஒட்டி ஏழெட்டு எருக்கஞ்செடிகள் நிற்கின்றன. பிள்ளையாருக்கு மாலை கட்டப் பூ வேண்டும் என்று அப்பத்தா அவற்றை வெட்டவிடுவதில்லை. வைகாசி நடுவில் அந்தச் செடிகளில் வெட்டுக்கிளிக் குஞ்சுகள் மொய்த்தன. பச்சை கலந்த மஞ்சள் உடம்பு, அதில் கறுப்புக் கோடுகளும் சிவப்புப் புள்ளிகளும். பக்கத்து வீட்டுக்காரர் மருந்தடிக்கக் கிளம்பிவிட்டார். அவரைத் தடுத்து நிறுத்திய அன்றுதான் இவற்றை வளர்த்துப் பார்ப்பது என்று முடிவு செய்தேன்.

அவர் பயந்ததில் தவறில்லை. 2020 மே மாதம் ராஜஸ்தானில் பாலைவன வெட்டுக்கிளிகள் கூட்டமாக வந்து இறங்கிய நேரத்தில், கிருஷ்ணகிரி மாவட்டத்தில் எருக்கஞ்செடிகளில் இருந்த பூச்சிகளைப் பார்த்தும் மக்கள் கலங்கினார்கள். ஆனால் அந்த இனம் வேறு, இது வேறு. பாலைவன வெட்டுக்கிளி நெரிசல் கூடும்போது நிறமும் குணமும் மாறி, படையாகத் திரண்டு நாடு விட்டு நாடு பறக்கும். நம் ஊர் எருக்கில் இருப்பதன் அறிவியல் பெயர் பொய்க்கிலோசெரஸ் பிக்டஸ். பசி மிஞ்சினால் வேறு செடியிலும் வாய் வைக்கும். ஆனால் அப்படிப் படையெடுக்காது. எருக்குதான் அதற்கு வீடும் சாப்பாடும்.

முதலில் பத்துக் குஞ்சுகளைப் பிடித்து மூடி போட்ட பிளாஸ்டிக் டப்பாவில் விட்டேன். பிடிக்கும்போதே ஒரு பாடம் கிடைத்தது. ஒன்றை விரலால் லேசாக அழுத்தியதும், அதன் முதுகில், வயிற்றுப் பகுதி தொடங்கும் இடத்திலிருந்து நீர் பீய்ச்சி என் மூக்குக் கண்ணாடியில் தெறித்தது. எருக்கம்பாலில் இருக்கும் இதயத்தைத் தாக்கும் நஞ்சை இந்தப் பூச்சி தின்று, தன் உடம்பில் சேர்த்துவைத்துக்கொண்டு, எதிரிக்கு எதிராகத் திருப்புகிறது. வீட்டுக் கோழி ஒன்றைக் கொத்திவிட்டு உடனே உமிழ்ந்தது. அலகைத் தரையில் மாறி மாறித் தேய்த்தது. அதன் பிறகு அந்தப் பக்கம் அது வரவில்லை. எருக்கம்பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. இலை பறிக்கப் போகும்போதெல்லாம் "கண்ணாடி போட்டுக்கொண்டு போ" என்று அப்பத்தா சொல்லாத நாளில்லை.

பிளாஸ்டிக் டப்பா வேலைக்கு ஆகவில்லை. இலையின் ஈரத்தால் உள்ளே வியர்த்து, பத்தில் மூன்று செத்தன. வெட்டுக்கிளிக்குப் புழுப் பருவமும் இல்லை, கூட்டுப்புழுப் பருவமும் இல்லை. முட்டையிலிருந்து வருவதே இறக்கையில்லாத சின்ன வெட்டுக்கிளிதான். அது தோலை உரித்து உரித்து வளரும். உரிக்கும்போது தலைகீழாகத் தொங்கும். தன் உடம்பைப் போல இரண்டு பங்கு உயரமாவது கீழே காலியாக வேண்டும். என் டப்பாவில் அந்த உயரம் இல்லை. இரண்டு பூச்சிகள் கடைசி முறை உரிக்கும்போது தரையில் இடித்து, இறக்கை சுருண்டபடியே காய்ந்துபோயின. அவை பிழைக்கவில்லை. அந்தத் தப்பு முழுக்க என்னுடையது, இன்றும் உறுத்துகிறது.

ஆனியில் பழைய சாமான் அறையிலிருந்து மரச்சட்டம் எடுத்து, கொசுவலை அடித்து, இரண்டடி உயரத்தில் கூடு கட்டினேன். தண்ணீர் பாட்டிலில் எருக்கங்கிளையைச் செருகி, பூச்சி உள்ளே விழாமல் பாட்டில் வாயைப் பஞ்சால் அடைத்தேன். வளவில், அதாவது வீட்டின் உள் முற்றத்தில், காலை வெயில் விழும் தூண் ஓரம்தான் கூட்டுக்கு இடம். அதன் பிறகு ஒன்றுகூடச் சாகவில்லை. மிச்சம் ஐந்து.

எப்போது கடைசித் தோல் உரிக்கும் என்பதற்கு ஓர் அடையாளம் உண்டு. இறக்கை மொட்டுகளைப் பார்க்க வேண்டும். கடைசிக்கு முந்தைய பருவத்திலேயே பின்னிறக்கை மொட்டு மேலேறி, முன்னிறக்கை மொட்டை மூடிக்கொள்ளும். அந்த மொட்டுகள் தடித்து, பூச்சி இலை தின்பதையும் நிறுத்திவிட்டால் உரிக்கும் நேரம் நெருங்கிவிட்டது.

ஆடி முதல் வாரம், விடியற்காலை. கிளையின் அடியில் ஒன்று தலைகீழாகத் தொங்கியது. கழுத்துக்குப் பின்னால் முதுகு நீளத்துக்கு வெடித்தது. முதலில் வெளிறிய முதுகு பிதுங்கியது. பிறகு தலை, பிறகு உணர்கொம்புகளை நூல் உருவுவது போல உருவியது. பின்னங்கால்களை எடுக்கத்தான் அதிக நேரம். கால் மணி நேரம் அசையாமல் தொங்கி, பிறகு சட்டென்று உடம்பை மடித்துத் தன் பழைய சட்டையையே பற்றி ஏறியது. அப்போது இறக்கை வெறும் கசங்கிய ஈரத் துணி. அதற்குள் உடம்பின் நீரை ஏற்றி ஏற்றி, கண் முன்னாலேயே விரித்தது. மதியத்துக்குள் நிறம் வந்துவிட்டது: மஞ்சளும் நீலப்பச்சையும் பட்டை பட்டையாக, பச்சை முன்னிறக்கையில் மஞ்சள் புள்ளிகள். ஆத்தங்குடிக் கல் பதித்த எங்கள் தரையில் இதே நிறங்களை எத்தனையோ முறை மிதித்து நடந்திருக்கிறேன்.

அடுத்த பத்து நாளில் மற்ற நான்கும் உரித்தன. மூன்று பெண், இரண்டு ஆண். பெண்தான் பெரியது. ஆண் அதன் முதுகில் ஏறி மணிக்கணக்கில் இறங்காது.

ஆவணியில் ஒரு பெண்ணின் வயிறு பருத்தது. எங்கள் கொல்லைச் செம்மண்ணைத் தட்டில் நாலு விரல் ஆழத்துக்குப் போட்டேன். வால் நுனியால் மூன்று இடத்தில் குத்திப் பார்த்துவிட்டு விலகிவிட்டது. சரளை கலந்த அந்த மண் காய்ந்தால் செம்பாறாங்கல் மாதிரி இறுகும், ஆழமும் போதாது. சரளையைச் சலித்து, பாதிக்குப் பாதி ஆற்றுமணல் கலந்து, ஈரம் தெளித்து, ஓர் அடி ஆழத்துக்கு வாளியில் நிரப்பி வைத்தேன். மறுநாளே வேலையைத் தொடங்கியது. வயிற்றின் வளையங்களுக்கு இடையிலுள்ள சவ்வு விரிய விரிய, உடம்பு இழுத்த ரப்பர் போல மண்ணுக்குள் இறங்கியது. மத்தியானம் வரை இடத்தை விட்டு நகரவில்லை. எழுந்த பிறகு துளையில் வெள்ளை நுரை தெரிந்தது. முட்டைகளைச் சுற்றி இறுகிக் காக்கும் நுரை அது. தோண்டிப் பார்க்கும் ஆசையை அடக்கிக்கொண்டேன்.

வாளி இப்போது இரண்டாம் கட்டு நிழலில், வலை மூடியோடு இருக்கிறது. ஆவணி 22 என்று சுண்ணாம்பால் எழுதியிருக்கிறேன். மண் காய்ந்தால் மட்டும் ஒரு கை நீர் தெளிக்கிறேன். மதிலோர எருக்கில் புதுத் துளிர் விட்டிருக்கிறது; குஞ்சு வந்தால் முதல் இலை அதிலிருந்துதான்.