ஆச்சி, இன்னொரு தடவை ஊத்துங்க

நான் எடுக்குற டாக்குமெண்டரி படத்துல வாய்ஸ் ஓவர் கிடையாது, பேட்டி கிடையாது, பின்னணி இசையும் கிடையாது. ஊர் ஊரா போயி ஓரமா உக்காந்து நடக்குறத அப்படியே எடுக்குறதுதான். "அப்ப டைரக்டருக்கு என்னல வேலை"ன்னு எங்க சித்தப்பா கேக்காரு, நியாயமான கேள்விதான். 1960 வாக்குல தோள்ல தூக்கிட்டு நடக்குற கேமராவும் கூடவே சத்தத்தையும் பிடிக்குற ரெக்கார்டரும் வந்தப்புறம்தான் உலகத்துல இந்த மாதிரி படமெல்லாம் நெறைய வந்துச்சு, இன்னைக்கு எனக்கு அதெல்லாம் ஒரு முதுகுப்பைக்குள்ள அடங்கிருது.

சித்திரையில திருநெல்வேலி ஜங்ஷன்ல இருந்து திருச்செந்தூர் பாசஞ்சர் ஏறுனேன். ஸ்ரீவைகுண்டம் வந்ததும் எதிர் சீட்டு பெரியவரு 2023 டிசம்பர் வெள்ளத்துல இங்கதான் செந்தூர் எக்ஸ்பிரஸ் நின்னு போச்சு, 800 பேரு கிட்ட மாட்டிக்கிட்டாங்கன்னு கைய நீட்டிச் சொல்ல ஆரம்பிச்சாரு, நான் லென்ஸ் மூடியத் தொறக்குறதுக்குள்ள ஸ்டேஷன் பின்னால போயிருச்சு. சரி விடு.

உடன்குடி பக்கம் ஒரு விடிலியில மூணு நாளு. விடிலின்னா பதனி காய்ச்சி கருப்பட்டி ஆக்குற ஓலைக்குடிசை. முத நாளு பூரா புள்ளைக வந்து மைக்குல மாட்டுன முடிக் கவரத் தடவிப் பாத்துக்கிட்டே இருந்துச்சுக, காத்துச் சத்தத்துக்கு போடுறதுன்னு சொன்னா நம்பல, பூனக்குட்டிதான்னு முடிவே பண்ணிட்டுக. ரெண்டாம் நாளு யாரும் என்னயக் கண்டுக்கல. அதுக்குத்தான் காத்துக் கெடந்தேன்.

அண்ணாச்சி விடியக்காலமே பனை ஏறி, சுண்ணாம்பு தடவுன கலயத்துல பதனிய இறக்கிட்டு வருவாரு, சுண்ணாம்பு இல்லன்னா புளிச்சு கள்ளாயிரும். ஆச்சி அத ஓலையும் மட்டையும் போட்டு எரிச்சுக் காய்ச்சுவா. பொங்கி வரும்போது ஒரு ஆமணக்கு முத்த நசுக்கிப் போடுவா, நுரை பொசுக்குன்னு அடங்கும். அப்புறம் மணிக்கணக்கா கிண்டல்தான், வெள்ளை மஞ்சளாயி, மஞ்சள் கருத்து, கடைசியில குமிழி சின்னச் சின்னதா 'பொளக் பொளக்'னு வெடிக்கும். அந்த நேரம் பாத்து என் கேமரா கார்டு ஃபுல்லு! நான் மாத்துறதுக்குள்ள ஆச்சி இறக்கி வச்சு சிரட்டையில வரிசையா ஊத்தி முடிச்சிட்டா.

வாய் தவறி கேட்டுட்டேன், ஆச்சி இன்னொரு தடவை ஊத்துங்களேன்னு. இந்த வகைப் படத்துல கேக்கவே கூடாத ஒரு வார்த்த அது.

"ஏ ஐயா, பதம் ஒனக்காவ நிக்குமா?"

ரெக்கார்டர் மட்டும் தனியா ஓடிக்கிட்டு இருந்ததால அந்தக் குமிழிச் சத்தம், ஊத்துற சத்தம், நான் கெஞ்சுனது, ஆச்சி ஏசுனது எல்லாம் இருக்கு. எடிட்டிங்ல அந்தச் சத்தத்த வெறும் சிரட்டை வரிசை மேல ஓட விட்டிருக்கேன், என் குரல வெட்டவும் இல்ல.

மூணாம் நாளு கிளம்பும்போது ஆச்சி கையில ரெண்டு கருப்பட்டிய வச்சுட்டுக் கேட்டா: "எல்லாம் சரிய்யா, படம் எப்ப எடுப்ப?"