புர்கோஸில் அண்ணன், மாட்ரிட்டில் தம்பி

ஸ்பானிய உள்நாட்டுப் போர் பற்றிய இன்னொரு நாவலைப் பாதியில் மூடி வைத்துவிட்டேன். வழக்கம்போல அண்ணன் கலகம் செய்த தளபதி ஃபிராங்கோ பக்கம், தம்பி குடியரசு அரசின் பக்கம், நடுவில் அழுகிற அம்மா. கொள்கைச் சண்டை போட்டே பிரிகிறார்கள். நிஜத்தில் பல குடும்பங்களைப் பிரித்தது, ராணுவக் கலகம் வெடித்த 1936 ஜூலை 18 அன்று யார் எந்த ஊரில் இருந்தார்கள் என்பதுதான்.

மச்சாதோ சகோதரர்களையே பாருங்கள். இருவரும் கவிஞர்கள், சேர்ந்து நாடகங்கள் எழுதியவர்கள். மனைவியின் சகோதரியான கன்னியாஸ்திரியைப் பார்க்க புர்கோஸ் போன அண்ணன் மனுவேல், கலகக்காரர்கள் பிடித்த ஊரில் மாட்டிக்கொண்டார். அப்புறம் ஃபிராங்கோவைப் புகழ்ந்து கவிதையும் எழுதினார். பயமா, நம்பிக்கையா? நாவலாசிரியர் தோண்ட வேண்டிய இடம் அதுதானே!

மாட்ரிட்டில் இருந்த தம்பி அந்தோனியோ குடியரசுக்காக எழுதினார். 1939 ஜனவரிக் கடைசியில், மழையிலும் குளிரிலும், எண்பது கடந்த அம்மாவோடு எல்லை தாண்டி பிரான்ஸின் கொலியூர் போய்ச் சேர்ந்தார். பிப்ரவரி 22-இல் இறந்தார். மூன்று நாள் கழித்து அம்மாவும். அந்தோனியோவின் கோட்டுப் பையில் கசங்கிய ஒரு துண்டுக் காகிதம் இருந்தது. அதில் நீல நிற நாட்களையும் சிறுவயது வெயிலையும் பற்றி ஒரு வரி.

தம்பி இறந்த செய்தி கிடைத்து மனுவேல் கொலியூர் ஓடினார். அம்மாவும் போய்விட்டார் என்பது அங்கே போன பிறகுதான் தெரிந்தது. உடனிருந்த இன்னொரு தம்பி ஹோசே பிறகு சிலிக்குப் போய்விட்டார். மனுவேல் புர்கோஸுக்கே திரும்பினார்.