நிசாபாவின் பெயரைக் களிமண்ணில் எழுதிப் பழகுகிறேன்

இன்றைய தெற்கு ஈராக்கில் பண்டைக் காலத்தில் இருந்த சுமேரியர்களின் இலக்கியக் களிமண் பலகைகள் பலவற்றின் கடைசி வரி 'நிசாபா ஸாமி' என்று முடிகிறது. நிசாபாவுக்குப் புகழ் என்று பொருள். அந்த ஒரு வரியை, ஆப்பு வடிவத் தடங்களால் ஆன அவர்களுடைய ஆப்பெழுத்தில் (கியூனிஃபார்ம்) பார்க்கும்படியாக எழுதிவிட வேண்டும், அவ்வளவுதான் இப்போதைய இலக்கு.

இனன்னா, என்லில் போன்ற சுமேரியத் தெய்வங்கள் அளவுக்குப் பேர் பெற்றவள் அல்ல நிசாபா. தானியத்துக்கும் எழுத்துக்கும் கணக்குக்கும் தெய்வம். அவளுடைய ஊரான எரேஷ் எங்கே இருந்தது என்பதுகூட இன்னும் உறுதியாகவில்லை. பின்னாளில் எழுத்துக்குரிய இடத்தை நபு என்ற ஆண் தெய்வம் பிடித்துக்கொண்டார். தானியமும் எழுத்தும் எப்படி ஒரே தெய்வத்திடம் சேர்ந்தன என்று யோசிக்கவே வேண்டாம்: சுமேரிய நகரமான உருக்கின் மிகப் பழைய பலகைகளில் பெரும்பாலானவை பார்லி, ஆடு, பீர் கணக்குகள்தான். அவள் பெயரை எழுதும் குறிக்குள்ளேயே பார்லியைக் குறிக்கும் 'ஷே' உட்கார்ந்திருக்கிறது.

சரி, வேலைக்கு வருவோம். குயவர் பிசைந்து வைத்திருந்த மண்ணையே வாங்கினேன். ஈரம் அதிகமாக இருந்தால் குச்சியோடு ஒட்டிக்கொண்டு வருகிறது; காய்ந்துவிட்டால் ஓரம் பிளக்கிறது. கையில் ஒட்டாத, ஆனால் விரல்ரேகை பதியும் பதம்தான் சரி. ஈரத்துணியால் மூடி வைத்தால் கொஞ்ச நேரம் அந்தப் பதம் நிற்கும். சுமேரியர்கள் நாணல் எழுதுகோல் வைத்திருந்தார்கள். நான் மூங்கில் சாப்ஸ்டிக்கின் நுனியைச் சதுரமாகச் சீவிக்கொண்டேன்.

பேனா பிடித்த கை கோடு இழுக்கத்தான் பார்க்கும். இங்கே இழுக்கக் கூடாது. குச்சியின் மூலையைச் சாய்த்து அழுத்தி எடுக்க வேண்டும். தலை அகலமாகவும் வால் ஒல்லியாகவும் ஆப்பு தானாக விழும். பலகையை மேசையில் வைக்காமல் இடது கையில் பிடித்து, தேவைக்கேற்பத் திருப்பிக்கொண்டால் வேலை பாதியாகிறது.

தெய்வப் பெயருக்கு முன்னால் வரும் டிங்கிர் என்ற குறி, பழைய வடிவத்தில் ஒரு நட்சத்திரம். அது சீக்கிரமே கைக்கு வந்துவிட்டது. நிசாபா குறிதான் பாடாய்ப் படுத்துகிறது. ஆப்புகள் நெருக்கமாக வருவதால், புதிதாக ஒன்றை அழுத்தும்போது பக்கத்திலிருப்பது நசுங்கிப்போகிறது. இப்போதைக்குக் குறியைப் பெரிதாக்கி எழுதுகிறேன். சில மில்லிமீட்டர் உயரத்தில் பொடிப்பொடியாக எழுதியவர்களை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது.

எழுதுவதற்கு நடுவே அவளைப் பற்றியும் படிக்கிறேன். லகாஷ் என்ற சுமேரிய நகர அரசின் மன்னன் குடேயாவின் கனவில் அவள் பொன் எழுதுகோலோடு, விண்மீன்கள் பொறித்த பலகையை மடியில் வைத்துக்கொண்டு வருகிறாள். அந்தக் கனவைச் சொல்லும் களிமண் உருளைகள் லூவர் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ஆனால் எனக்குப் பிடித்தது வேறொன்று. உம்மா நகர மன்னன் லுகல்ஸாகேசி லகாஷைச் சூறையாடியபோது, அந்தப் பாவத்தை அவனுடைய தெய்வமான நிசாபாவே சுமக்கட்டும் என்று லகாஷ்காரர் ஒருவர் எழுதி வைத்திருக்கிறார். எழுத்துத் தெய்வத்தை எழுத்தாலேயே சபித்த ஆள்!

சுமேரிய நகரமான நிப்பூரில் 1950களின் தொடக்கத்தில் தோண்டிய 'எஃப் வீடு' ஒரு பள்ளியாக இருந்தது. எழுதி முடித்த பலகைகளை மறுபடி மண்ணாக்கிப் பயன்படுத்த அங்கே ஒரு தொட்டி இருந்திருக்கிறது. என்னிடம் பிளாஸ்டிக் வாளி. சூளையில் சுடாதவரை தண்ணீரில் ஊறப்போட்டால் எல்லாம் மறுபடி மண்தான், அதனால் செலவும் இல்லை.

அடுத்து, முழு வரியை விட்டுவிட்டு, அங்கே மாணவர்கள் தொடக்கக் கட்டத்தில் பழகிய 'டு-டா-டி, நு-நா-நி' அசைப் பயிற்சியை எடுக்கப் போகிறேன். ஆப்புகளுக்கு இடையே இடைவெளி விட அதில்தான் கை பழகும் என்று தோன்றுகிறது.