மவுண்ட் ரோட்ட நடந்து பாருங்க

சின்ன வயசுல லீவுக்கு மெட்ராஸ் வந்தா அப்பா எங்கள முதல்ல கூட்டிட்டுப் போறது மவுண்ட் ரோடுக்குத்தான். எல்ஐசி பில்டிங் எதிர்ல நிக்க வச்சு "மாடிய எண்ணு பாப்போம்"னுவாரு. பேரு அண்ணா சாலைனு மாறி எத்தனையோ வருஷம் ஆச்சு, ஆனா கண்டக்டர்ல இருந்து ஆட்டோக்காரர் வரைக்கும் இன்னும் மவுண்ட் ரோடுதான், பரங்கிமலைக்குப் போற ரோடுங்கறதால வந்த பேரு அது.

போன ஞாயித்துக்கிழமை அக்கா பையன கூட்டிட்டு காலைல ஆறு மணிக்கே நடக்க ஆரம்பிச்சேன். தீவுத்திடல் பக்கம், மெட்ராஸ் கவர்னரா இருந்த மன்றோவோட சிலை, 1839ல வச்சது, குதிரைக்கு சேணமும் கிடையாது கால் வைக்கிற அங்கவடியும் கிடையாது. அங்கேர்ந்து கூவத்தத் தாண்டி சிம்சன் கம்பெனி, பெரியார் சிலை, அப்புறம் கைய நீட்டிக்கிட்டு நிக்கற அண்ணா சிலை. புகாரி ஹோட்டல் அவ்வளவு காலைல திறக்கல, அவனுக்கு அதுல ஒரே வருத்தம்.

எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் அண்ணா சாலை போஸ்ட் ஆபீஸ் வளாகத்துல இருக்கு. ஸ்டாம்ப் சேகரிக்கறவங்க போவாங்களே அந்தப் பழைய கட்டடம், அது 1913ல எலெக்ட்ரிக் தியேட்டரா இருந்தது, மெட்ராஸ்ல படம் காட்டறதுக்குன்னே வந்த ஆரம்பகால கொட்டகைகள்ல ஒண்ணு, ஊமைப்படம் ஓடின இடம். தினமும் ஆயிரக்கணக்கான பேர் அத பாக்காமலே தாண்டிப் போறாங்க, எனக்கு மனசு கஷ்டமா இருக்கும். சஃபையர் தியேட்டர் போச்சு, சாந்தி தியேட்டர் போச்சு, ரொம்ப மூத்தது மட்டும் தபால்தலைய வச்சுக்கிட்டு நிக்குது.

பி.ஆர் அண்ட் சன்ஸ் மணிக்கூண்டு, 1904ல கட்டின ஹிக்கின்பாதம்ஸ் புத்தகக் கடை எல்லாம் வெளியேர்ந்துதான் பாத்தோம். ஹிக்கின்பாதம்ஸ் கடை 1844லயே ஆரம்பிச்சது, அந்த உயரமான வெள்ளைக் கட்டடத்துக்குள்ள போனாலே மெதுவாதான் பேசத் தோணும். பாரத் இன்சூரன்ஸ் கட்டடத்த 2006ல இடிக்க ஆரம்பிச்சு, பழைய கட்டடங்களப் பாதுகாக்கற இன்டாக் அமைப்பு கோர்ட்டுக்குப் போனதாலதான் நின்னுச்சு. இடிக்காம விட்டா மட்டும் போதுமா, ரிப்பேர் பண்ண வேணாமா?

கடைசியா எல்ஐசி. இந்தக் கட்டடத்த ஆரம்பிச்சவரு எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார், அவரோட யுனைடெட் இந்தியா இன்சூரன்ஸ் கம்பெனிக்காக. 1954ல சிங்கப்பூர்ல விமான விபத்துல இறந்துட்டாரு, 1956ல இன்சூரன்ஸ் அரசுடைமை ஆச்சு, கட்டி முடிச்சு 1959ல திறக்கும்போது கட்டடம் எல்ஐசியோடதா ஆயிடுச்சு. அப்போ இந்தியாவுலயே உயரமான கட்டடம் இதுதான், 177 அடி. 1975ல பெரிய தீ விபத்து நடந்தும் அப்படியே நிக்குது. அந்தக் காலத்துல ஊர்லேர்ந்து வர்றவங்களுக்கு இத பாத்தாதான் மெட்ராஸ் பாத்த கணக்கு, சினிமாக்காரங்களும் ஹீரோ பட்டணத்துக்கு வந்துட்டான்னு காட்ட இததான் காட்டுவாங்க. கட்டச் சொன்னவரு மட்டும் பாக்கலயேனு எனக்கு ஒவ்வொரு தடவையும் தோணும்.

இன்னிக்கு அது கீழயே மெட்ரோ ஓடுது, ஸ்டேஷன் பேரும் எல்ஐசிதான். இதையெல்லாம் சொல்லிட்டு அவன எதிர் பிளாட்ஃபாரத்துல நிக்க வச்சு மாடிய எண்ணச் சொன்னேன். ஏழு வரைக்கும் வந்தான், நடுவுல ஒரு பஸ் வந்து மறைச்சிடுச்சு, அது போற வரைக்கும் பொறுத்திருந்து மறுபடியும் ஒண்ணுலேர்ந்து ஆரம்பிச்சான்.