கோட்டையைக் கீழேயிருந்து காட்டிய சார்

கிருஷ்ணகிரியில் வளர்ந்தவர்களுக்குச் சையத் பாஷா மலை தினமும் கண்ணில் படுகிற ஒன்று. அதன்மேல் சண்டை நடந்தது என்பதை எங்களுக்கு உறைக்க வைத்தவர் வரலாறு சார். பட்டாளத்திலிருந்து வந்து வாத்தியார் ஆனவர். பாராமகால், அதாவது எங்கள் கிருஷ்ணகிரி, தர்மபுரி வட்டாரத்துக் கோட்டைகளைப் பற்றி எழுத வேண்டும் என்று, லீவு நாட்களில் ராயக்கோட்டை, ஜகதேவி என்று சைக்கிளில் போய் மதிலை அளந்து நோட்டில் குறித்துக்கொண்டு வருவார்.

மற்றவர்கள் கூட்டிப்போனால் உச்சிக்கு ஏறி, ஊரைப் பார்த்து, கட்டுச்சோறு தின்றுவிட்டு இறங்குவோம். இவர் பாதி மலையில், வழுக்குப் பாறையிலேயே நிறுத்திவிடுவார். "ராத்திரி நேரம். தோள்ல ஏணி. மேலேயிருந்து குண்டுக்கல்லு உருண்டு வருது. எங்கடா ஒதுங்குவ?" ஆளுக்கொரு பக்கம் ஓடினோம். மொட்டைப் பாறை, ஒதுங்க இடமே இல்லை. ஒருவன் மட்டும் மதிலோடு ஒட்டி நின்று, தான் தப்பித்துவிட்டதாகச் சொன்னான். "உனக்குக் கல்லை உருட்டக்கூட வேண்டாம்டா, கையிலிருந்து நழுவ விட்டாலே போதும்" என்றார் சார்.

அப்புறம்தான் கதை. மூன்றாம் மைசூர்ப் போரில், 1791 நவம்பரில், மேக்ஸ்வெல் தலைமையில் கும்பினிப் படை, அதாவது ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியின் படை, திப்பு சுல்தானின் ஆட்களிடமிருந்து மலையடிப் பேட்டையையும் கீழ்க்கோட்டையையும் பிடித்தது. தப்பி ஓடுகிறவர்களோடு கலந்து மேல்கோட்டைக்குள் புகுந்துவிடலாம் என்று கணக்குப் போட்டார்கள். அதற்குள் கதவைச் சாத்திவிட்டார்கள். ஏணிகளையும் ஏணியில் இருந்தவர்களையும் கற்கள் நொறுக்கின. படை திரும்பியது. அதே ஆண்டு ஜூலையில் ராயக்கோட்டை பணிந்திருந்தது. அந்த மலை இதைவிடச் சுலபமா என்ன? கடைசியில் கிருஷ்ணகிரியும் சண்டையில் விழவில்லை. 1792 மார்ச்சில் ஸ்ரீரங்கப்பட்டணம் ஒப்பந்தத்தில் திப்பு பாராமகாலை விட்டுக்கொடுத்தபோது காகிதத்தில் கைமாறியது.

இந்தப் போர்களை எழுதிய மார்க் வில்க்ஸ் தாமே கும்பினிப் பட்டாளத்தில் இருந்தவர், பிறகு மைசூரில் ரெசிடென்ட், அதாவது அரசவையில் கும்பினியின் பிரதிநிதி. சாருக்கு அவர்மேல் மரியாதை உண்டு. பட்டாளத்துக்காரன் எழுத்தில் கால்வலி தெரியும் என்பார். ஆனாலும் ஒரு குறை சொல்லாமல் விடமாட்டார்: "இவரு ஏணிப் பக்கத்து ஆளு. கதவைச் சாத்தினவன் பேரு எங்க?" தர்மபுரி அருங்காட்சியகத்து நடுகற்களைக் காட்டவும் அதற்காகவே அழைத்துப்போனார். மாடு மீட்கப் போய்ச் செத்தவனுக்கும் இந்தப் பக்கத்தில் பேர் வெட்டிக் கல் நட்டிருக்கிறார்கள்.

லண்டனுக்கு வந்தபின், டேனியல் என்ற ஓவியர் 1792 வாக்கில் வரைந்த ராயக்கோட்டைப் படத்தைப் பார்த்தேன். அழகான படம்தான். எனக்கென்னவோ கண் முதலில் போனது, எந்தப் பக்கம் ஏறுவது என்பதில்தான்.

சாருடைய நூல் அச்சேறவில்லை. அந்த அளவுக் குறிப்புகளைப் படியெடுக்க எங்களில் சிலரிடம் நோட்டுகளைக் கொடுத்திருந்தார். காலிக்கோ அட்டை, நீல மை, ஓரத்தில் மதில் படங்கள். யார் வீட்டுப் பரணிலாவது இருந்தால், தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாமல் பழைய மாணவர் சங்கச் செயலாளருக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள். ஸ்கேன் செய்யும் செலவு என் பொறுப்பு.